தடை உடனே, தீர்ப்பு எப்பொழுது?

பெற்ற தாயை நற்றாய் என்றும், வளர்த்த தாயைச் செவிலித்தாய் என்றும் பெயரிட்டு, இருவரையும் தாயென்றே போற்றிய மொழி தமிழ். தொல்காப்பியம் அகத்திணை மாந்தருள் ஒருத்தியாகச் செவிலியை நிறுத்திப் பேசுகின்றது. 'நர்சு' என்னும் ஆங்கிலச் சொல்லையும் 'தாதி' என்னும் வடசொல்லையும் ஒதுக்கி, அப் பழந்தமிழ்ச் சொல்லையே மருத்துவமனையில் நோயாளரைப் பேணுவார்க்கு இக்காலத் தமிழர் வழங்கி வருகின்றனர். பொருத்தமான பெயர், ஐயமில்லை. ஆனால், பெயரால் தாயாக்கப் பெற்றவள் ஊதியத்தால் என்னவாக்கப் பெற்றாள்? அவ்வூதியத்தைக் கேட்டு முறைமன்றத்தின் வாயிலில் நின்றபொழுது அவளுக்குக் கிடைத்தது யாது? இவ்விரு வினாக்களுமே இன்று தமிழர் எண்ணிப் பார்க்கத் தக்கன.

மருத்துவமனை மேலாண்மைக்கும் அங்குப் பணிபுரிவோர்க்கும் இடையில் எழும் வழக்குகளில் இந்திய முறைமன்றங்கள் நடந்துகொண்ட வகையை நெடுக நோக்குவார்க்கு ஓர் உண்மை தெள்ளிதின் விளங்கும். செவிலியர் வேலையை நிறுத்தினால், 'திரும்பிச் செல்க' என்னும் ஆணை ஓரிரு நாளில் பிறக்கின்றது. செவிலியர் ஊதியம் கேட்டால், ஆண்டுகள் பல கடந்தபின் ஒரு குழு பிறக்கின்றது. ஆணைக்குப் பல் உண்டு. குழுவுக்குப் பல் இல்லை. துலைக்கோலின் ஒரு தட்டு மட்டும் ஏன் இத்துணை விரைவாகத் தாழ்கின்றது?

மூன்று நாளில் வந்த ஆணை

முதற்கண் தமிழ்நாட்டில் நடந்ததையே எடுத்துக் கொள்வோம். 2015-இல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் போட்டித் தேர்வு நடத்தியது. அதில் வென்ற ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட செவிலியர் அரசு மருத்துவமனைகளில் அமர்த்தப் பெற்றனர். தேர்வு எழுதி, தகுதி காட்டி, தரவரிசையில் வந்தவர்கள் அவர்கள். எனினும் அவர்கட்குக் காலமுறை ஊதியம் இல்லை. திங்களுக்கு 7,700 உருபா தொகுப்பூதியம். ஈராண்டு கழிந்தபின் நிலைப்பணி என்பது அவர்கள் நம்பிய உறுதிமொழி. அதே கூடத்தில், அதே நோயாளிக்கு, அதே ஊசியைச் செலுத்தும் நிலைப்பணிச் செவிலி பெற்ற ஊதியம் அதனினும் பன்மடங்கு.

ஈராண்டு கழிந்தது, நிலைப்பணி வரவில்லை. 2017 நவம்பர் 27-ஆம் நாள் தமிழகத்தின் பல பகுதிகளினின்றும் வந்த செவிலியர், சென்னைத் தேனாம்பேட்டையில் உள்ள மருத்துவப் பணிகள் இயக்கக வளாகத்தில் ஆயிரக்கணக்கில் அமர்ந்தனர். நவம்பர் 29-ஆம் நாள் சென்னை உயர்முறைமன்றம் அவர்களைப் பணிக்குத் திரும்புமாறு ஆணையிட்டது. மறுநாள் போராட்டம் முடிவுற்றது.

போராட்டம் தொடங்கியது முதல் ஆணை பிறந்தது வரை மூன்றே நாள். இத்துணை விரைவு முறைமன்றத்திற்கு இயலும் என்பது அன்று மெய்ப்பிக்கப்பட்டது. ஆனால் அவ்விரைவு வேலைநிறுத்தத்திற்கு மட்டுமே உரியதாயிற்று. பின்னர்த் தொகுப்பூதியம் 14,000 உருபாவாக உயர்த்தப்பட்டது உண்மையே. நிலைப்பணியோ, இடம் ஒழியுந்தோறும் சிலர் சிலராக, பகுதி பகுதியாக, ஆண்டுக் கணக்கில் இழுத்தே வழங்கப் பெற்றது. ஒரே தேர்வில் வென்று ஒரே நாளில் பணியேற்ற இருவருள் ஒருத்தி நிலைப்பணியும் மற்றொருத்தி தொகுப்பூதியமும் பெறும் நிலை நேர்ந்தது. 'ஒத்த வேலைக்கு ஒத்த ஊதியம்' என்னும் அறம் முறைமன்றங்களின் தீர்ப்புகளிலேயே பலகால் எழுதப்பட்ட அறம். எழுதியவர்களின் வாயிலிலேயே அது காத்துக் கிடந்தது.

கொரோனாத் தொற்றுக் காலத்தில் உயிரைப் பொருட்படுத்தாது பணியாற்றிய செவிலியர்க்கும் இதே கதிதான். மக்கள் கைதட்டினர், ஆட்சியாளர் பாராட்டினர். அக்காலத்தில் எடுக்கப்பெற்ற இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஒப்பந்தச் செவிலியரின் பணி 2022 திசம்பர் 31-ஆம் நாளோடு முடிக்கப்பட்டது. புத்தாண்டு நாளை அவர்கள் தெருவில் தொடங்கினர். கைதட்டலை வைத்துக் கடையில் அரிசி வாங்க முடியாது என்பதை ஆள்வோர் அறியாதவர் அல்லர்.

2003-இன் நிழல்

வேலைநிறுத்தத்தை உடனே தடுக்கும் துணிவு முறைமன்றங்கட்கு எங்கிருந்து வந்தது? அதற்கும் தமிழ்நாட்டு மண்ணிலேயே ஒரு வேர் உண்டு. 2003 சூலையில் தமிழக அரசு ஊழியரும் ஆசிரியரும் பறிக்கப்பட்ட உரிமைகளை மீட்க வேலைநிறுத்தம் செய்தனர். இன்றியமையாப் பணிகள் பேணற் சட்டத்தைக் கையிலெடுத்த செயலலிதா ஆட்சி, ஒன்றரை இலக்கத்திற்கும் மேற்பட்டோரை ஒரே வீச்சில் பணிநீக்கம் செய்தது. வழக்கு தில்லி உச்சமுறைமன்றம் சென்றது. அரங்கராசன் வழக்கு எனப்படும் அதில், 2003 ஆகத்து 6-ஆம் நாள், அரசு ஊழியர்க்கு வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமையும் இல்லை, சட்ட உரிமையும் இல்லை, அறவுரிமையும் இல்லை என்று கூறப்பட்டது. மன்னிப்புக் கேட்டு, இனிச் செய்யோம் என எழுதிக் கொடுத்த பின்னரே பலர் மீண்டும் பணியில் ஏறினர்.

சட்ட உரிமை இல்லை என்பது சட்டம் கற்றோர் தம்முள் ஆய்ந்து முடிக்க வேண்டிய செய்தி. அறவுரிமையும் இல்லை என்பதே நெஞ்சை உறுத்துகின்றது. உழைப்பை விற்று வாழ்பவனுக்கு அதை விற்காதிருக்கும் உரிமையும் இல்லையெனில், அவன் உழைப்பாளன் அல்லன், அடிமை. அறுபது நாழிகையும் அறம் பேசும் நாட்டில் அடிமைக்கு எதிர்ப்பதம் எதுவென்று எவரும் கேட்கவில்லை.

அத்தீர்ப்பின் நிழல் அரசு மருத்துவமனைச் செவிலியர்மேல் இன்றளவும் கவிந்து கிடக்கின்றது. அவர்கள் அமர்ந்த மூன்றாம் நாளே ஆணை பிறப்பதன் கரணியம் இதுவே.

தொழிலா, தொண்டா?

தனியார் மருத்துவமனைச் செவிலியரின் நிலை வேறு. அவர்கட்கு எதிரே நின்றது வேறொரு வினா. மருத்துவமனை என்பது தொழிலா, தொண்டா? தொழிலாயின், தொழில்தகராறுச் சட்டத்தின் காப்பு உண்டு, வேலைநீக்கத்தை எதிர்க்கலாம், ஊதியத்துக்கு வழக்காடலாம். தொண்டாயின், அக்காப்பு இல்லை. இவ்வொரு வினாவுக்கு உச்சமுறைமன்றம் விடை சொன்ன வரலாறு வியப்புக்குரியது.

1960-இல் பம்பாய் மருத்துவமனைத் தொழிலாளர் வழக்கில், மருத்துவமனையும் தொழிலே என்று நடுவர் கசேந்திரகட்கர் தீர்ப்புரைத்தார். வேலையினின்று குறைக்கப்பட்ட கீழ்நிலை ஊழியர்க்காக அவ்வழக்கு நடந்தது. பத்தாண்டு கழிந்தது. 1970-இல் தில்லியின் சப்தர்சங்கு மருத்துவமனை வழக்கில் தலைமை நடுவர் இதயத்துல்லா தலைமையிலான ஆயம், மருத்துவமனை தொழில் அன்று என்று மாற்றிச் சொன்னது. பாட்னாவின் குர்சித் திருக்குடும்ப மருத்துவமனையும், தில்லிக் காசநோய் மருத்துவமனையும் அத்தீர்ப்பிலேயே அடங்கின. முன்னாள் வரை தொழிலாளியாக இருந்தவள் மறுநாள் தொண்டு செய்பவள் ஆனாள். அவள் வேலை மாறவில்லை, வேளை மாறவில்லை, ஊதியமும் மாறவில்லை. மாறியது சட்டத்தின் சொல் ஒன்றே.

1978 பிப்ருவரி 21-ஆம் நாள் எழுவர் ஆயம் மீண்டும் மாற்றியது. பெங்களூர்க் குடிநீர் வாரிய ஊழியர் தொடுத்த வழக்கு அது. நடுவர் வி. ஆர். கிருட்டிண ஐயர் எழுதிய பெரும்பான்மைத் தீர்ப்பு, முறையான வினைப்பாடும், முதலாளர் தொழிலாளர் கூட்டுழைப்பும், மக்கள் தேவைக்கான பொருளோ பணியோ ஆக்கலும் இருப்பின் அது தொழிலே என்றது. ஆதாய நோக்கம் உண்டா இல்லையா என்பது பொருட்டன்று. நோயாளிக்கு இலவசமாக மருத்துவம் செய்வது மேலாண்மையின் ஈகையாகலாம்; ஆனால் கூலிக்கு வந்த ஊழியன் ஈகை செய்ய வந்தவன் அல்லன். இவ்வெளிய உண்மை அத்தீர்ப்பின் உயிர்நாடி. அறம் செய்ய விரும்புவோர் தம் பொருளைக் கொண்டு செய்யலாம். செவிலியின் வயிற்றைக் கொண்டு செய்தலாகாது.

நடுவர் எழுதியதை நாடாளுமன்றம் அழிக்க முற்பட்டது. 1982-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம், மருத்துவமனைகளைத் தொழில் என்னும் வரையறையினின்று விலக்கியது. விலக்கப்படுவோர்க்கு வேறு முறையீட்டு வழி அமைக்கப்படும் என்பதே பேச்சு. அவ்வழி அமைக்கப்படவே இல்லை. ஆகையால் அவ்வரையறையும் நடைமுறைக்கு வரவே இல்லை. மாற்று வழி அமைக்க நாற்பதாண்டும் போதாத அரசுக்கு, உரிமையை விலக்கும் வரி எழுத ஒரு நாள் போதுமாயிருந்தது. 2005-இல் ஐவர் ஆயம் 1978 தீர்ப்பை மீண்டும் ஆய வேண்டுமென்றது. 2017-இல் அது ஒன்பதின்மர் ஆயத்திற்கு அனுப்பப்பட்டது.

இதற்கிடையே தில்லி புதிய தொழிலுறவுத் தொகுப்புச் சட்டத்தை 2020-இல் இயற்றி, 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்குக் கொணர்ந்தது. அறத்தொண்டு, குமுகத்தொண்டு, ஈகைத்தொண்டு ஆகியவற்றில் முழுமையாகவோ பெருமளவிலோ ஈடுபட்ட அமைப்புகள் நடத்தும் நிறுவனங்கள் தொழில் அல்ல என்று அது கூறுகின்றது. அறக்கட்டளை என்னும் பெயர்ப்பலகையின் கீழ் நடக்கும் பெருமருத்துவமனைகள் பல. பல மாடி உயர்ந்து, பல்லாயிரம் உருபா அறைவாடகை வாங்கும் மனையும் 'யாம் அறம் செய்கின்றோம்' என்று வழக்காட இதனால் வழி திறந்தது. அதே சட்டம் வேலைநிறுத்தத்திற்கு எல்லாத் தொழிலகங்களிலும் 14 நாள் முன்னறிவிப்பைக் கட்டாயமாக்கியது. முன்னர் இக்கட்டு பொதுநலப் பணிகட்கு மட்டுமே இருந்தது. இணக்கப் பேச்சு நடக்கும்பொழுதும், தீர்ப்பாயத்தில் வழக்கு நிலுவையில் இருக்கும்பொழுதும் வேலைநிறுத்தம் கூடாது. வழக்கு எத்துணை ஆண்டு நிலுவையில் இருப்பினும் அத்துணை ஆண்டும் வாய் மூடியிருக்க வேண்டும் என்பதே இதன் பொருள்.

காலில்லாத எண்

சட்டத்தின் காப்பு இவ்வாறு ஊசலாடிக் கொண்டிருக்கையில், தனியார் மருத்துவமனைச் செவிலியர் நேரே உச்சமுறைமன்றத்தையே அணுகினர். குறைந்த ஊதியம், நெடிய வேலைநேரம், மூலச் சான்றிதழ்களை மேலாண்மை வாங்கி வைத்துக்கொள்ளல், இடையில் விலகினால் பெருந்தொகை கட்டுமாறு பிணைமுறி எழுதி வாங்கல் முதலியன அக்காலத்தில் நாடெங்கும் எழுந்த குறைகள். 2012-இல் சென்னைத் தனியார் மருத்துவமனைச் செவிலியர் வேலைநிறுத்தத்தில் இறங்கியதும் இவற்றை முன்னிட்டே. இந்தியப் பயிற்சிபெற்ற செவிலியர் கழகம் 2011-இல் தொடுத்த வழக்கில் 2016 சனவரி 29-ஆம் நாள் ஆணை வந்தது. ஐந்தாண்டுக் காத்திருப்புக்குப் பின் வந்த அவ்வாணை ஊதியத்தை வரையறுக்கவில்லை. நடுவணரசு ஒரு குழு அமைக்க வேண்டும் என்றது.

குழு அமைந்தது, நேர்மையாகவே பணி செய்தது. 200 படுக்கைக்கு மேற்பட்ட தனியார் மருத்துவமனையில் மாநில அரசுச் செவிலிக்கு ஒப்பான ஊதியம். 100 படுக்கைக்கு மேற்பட்டதில் அதனினும் 10 விழுக்காட்டுக்கு மேல் குறையாத ஊதியம். 50 முதல் 100 வரை உள்ளதில் 25 விழுக்காட்டுக்கு மேல் குறையாத ஊதியம். 50-க்குக் கீழ்ப்பட்ட சிறு மனையிலும் 20,000 உருபாவுக்குக் குறையாத ஊதியம் எனப் பரிந்துரைத்தது. நல்ல எண்கள். ஆனால் பரிந்துரை சட்டம் அன்று. அது தில்லியினின்று மாநிலங்கட்கு மடலாக வந்தது, மடலாகவே நின்றது.

எண்ணுக்குக் கால் முளைத்த இடம் ஒன்று உண்டு. அது தமிழகத்தை அடுத்த கேரளம். அங்கே செவிலியர் ஒன்றாகத் திரண்டனர். 2017 சூலையில் பெரும் வேலைநிறுத்தம் எழும் நிலை வந்தபொழுது, அம்மாநில உயர்முறைமன்றம் குறுக்கிட்டது. எனினும் செவிலியர் கலைந்து போகவில்லை. சூலை 20-ஆம் நாள் முதலமைச்சர் முன்னிலையில் நடந்த பேச்சில் குறைந்த அளவு 20,000 உருபா ஒப்புக்கொள்ளப்பட்டது. இறுதி அறிவிப்பை வெளியிட மேலாண்மைகளின் முறையீட்டின்பேரில் இடையில் தடை விழுந்து பின் நீங்கியது. சேர்த்தலையினின்று திருவனந்தபுரம் வரை நடைச்செலவு மேற்கொள்ளச் செவிலியர் நாள் குறித்தனர். அந்நாளுக்கு முன்னாள், 2018 ஏப்பிரல் 23-இல், அரசறிவிப்பு வெளிவந்தது. மேலாண்மைகள் அதனையும் எதிர்த்து வழக்காடின என்பது வேறு. தில்லிக் குழு எழுதிய அதே எண், மலையாள மண்ணில் ஊதியமாகியது. ஏனைய இடங்களில் தாளில் உறங்கியது. வேறுபாடு முறைமன்றத்தில் இல்லை; திரண்ட மக்களிடத்தும், அவர்க்குச் செவிசாய்த்த மாநில அரசிடத்தும் இருந்தது.

நோயாளி என்னாவான்?

இங்கு ஒரு மறுப்பு எழும். அதைப் புறந்தள்ளுதல் நேர்மையன்று. தறி நின்றால் துணி குறையும். செவிலி நின்றால் உயிர் குறையும். மூச்சுக்குழல் பொருத்திக் கிடக்கும் நோயாளிக்கு வழக்கும் தெரியாது, வரையறையும் தெரியாது. அவனைக் காக்க முறைமன்றம் குறுக்கிடுதல் தவறாகுமோ? ஆகாது. உயிர் காக்கும் கூடங்களைக் கைவிட்டு வெளியேறும் வேலைநிறுத்தத்தைத் தடுக்க முறைமன்றத்துக்கு உரிமையுண்டு, கடமையும் உண்டு.

வினா அதுவன்று. தடுத்தபின் என்ன செய்வது என்பதே வினா. பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பின் குழு, மருத்துவமனைப் பணியை இன்றியமையாப் பணி என்றே ஏற்றுக்கொள்கின்றது. அங்கு வேலைநிறுத்த உரிமையைச் சுருக்கலாம் என்கின்றது. ஆனால் உடன் ஒரு கட்டும் இடுகின்றது. உரிமையைச் சுருக்கினால் அதற்கு ஈடாக, நடுநிலையான, விரைவான இணக்கப்பேச்சும் நடுவர் தீர்ப்பும் வேண்டும். அத்தீர்ப்பு இருசாராரையும் கட்டுப்படுத்த வேண்டும். காலந்தாழ்த்தாது நிறைவேற்றப்பட வேண்டும். கையைக் கட்டுபவன் சோற்றை ஊட்டவும் கடமைப்பட்டவன் என்பதே இதன் சாரம். கழகமாய்க் கூடும் உரிமைக்கும் கூட்டாய்ப் பேசும் உரிமைக்கும் உரிய 87, 98 ஆம் எண் உடன்படிக்கைகளை இந்திய அரசு இன்றளவும் ஒப்பேற்கவில்லை என்பதையும் இங்கு மறத்தலாகாது.

இத்தகு ஏற்பாடு கனவன்று. அமெரிக்க ஒன்றிய நாடுகளில் 1947-ஆம் ஆண்டுச் சட்டம், ஆதாயமின்றி நடக்கும் மருத்துவமனைகளை 'தொண்டு' என்று சொல்லித் தொழிலுறவுச் சட்டத்தினின்று விலக்கியது. அவ்விலக்கினால் தொழிற்கழகத்தை ஏற்கவும் அதனோடு பேசவும் மேலாண்மைகட்குக் கட்டாயம் இல்லாமற் போயிற்று. 1974-இல் அந்நாட்டார் அவ்விலக்கை நீக்கினர். செவிலியர்க்குக் கூட்டாய்ப் பேசும் உரிமை வந்தது. மருத்துவமனையில் வேலைநிறுத்தம் செய்வதாயின் 10 நாள் முன்னறிவிப்பு வேண்டும் என்னும் கட்டும் உடன்வந்தது. அப்பத்து நாளில் நோயாளரை வேறிடம் மாற்றலாம். மேலாண்மை பேச்சுக்கும் வரலாம். உரிமையும் கட்டும் ஒரே சட்டத்தில் ஒருங்கே வந்தமை நோக்கத்தக்கது.

இங்கிலாந்தில் அரசச் செவிலியர் கல்லூரி என்னும் அமைப்பு, தன் 106 ஆண்டு வரலாற்றில் முதன்முறையாக 2022 திசம்பரில் நாடளாவிய வேலைநிறுத்தம் செய்தது. அதன் தொடர்ச்சி குறித்த வழக்கில் இலண்டன் உயர்முறைமன்றம் 2023 ஏப்பிரல் 27-ஆம் நாள் தீர்ப்பளித்தது. வாக்கெடுப்பினால் பெற்ற ஒப்புதல் மே 1-ஆம் நாளோடு முடிகின்றது. ஆகையால் மே 2-ஆம் நாள் வேலைநிறுத்தம் செல்லாது என்றது. ஒரு நாள் வெட்டப்பட்டது, உரிமை வெட்டப்படவில்லை. செவிலி வேலைநிறுத்தம் செய்யலாமா என்று அங்கு நடுவர் கேட்கவில்லை. எந்நாள் வரை என்பதையே கேட்டார்.

அறியா மொழியில் அறம்

தமிழ்நாட்டுச் செவிலிக்கு மற்றோர் இடரும் உண்டு. தேனாம்பேட்டையில் வெறுந்தரையில் அமர்ந்திருந்தவளின் வழக்கு, சில கல் தொலைவில் உயர்முறைமன்றத்தில் ஆங்கிலத்தில் வழக்குரைக்கப்பட்டு, ஆங்கிலத்தில் எழுதப்பட்டது. தன் பணியைப் பற்றி, தன் ஊதியத்தைப் பற்றி, தன் உரிமையைப் பற்றி நடுவரும் வழக்குரைஞரும் பேசியதை அவள் பிறர் வாய்க் கேட்டே அறிய வேண்டும். கீழ்மன்றத்தில் தமிழ் வழங்கலாம்; மேல்மன்றத்தில் அதற்கு இடமில்லை. அரசியலமைப்பின் 348-ஆம் பிரிவு, மாநில ஆளுநர் குடியரசுத் தலைவரின் ஒப்புதலோடு உயர்முறைமன்றத்தில் மாநில மொழிக்கு இடமளிக்கலாம் என்கின்றது. அவ்வழியில் இராசசுத்தானத்தில் 1950-இலும், உத்தரப் பிரதேசத்தில் 1969-இலும், மத்தியப் பிரதேசத்தில் 1971-இலும், பீகாரில் 1972-இலும் இந்திக்கு இடமளிக்கப்பட்டது. தமிழ்நாட்டுச் சட்டமன்றம் 2006 திசம்பர் 6-ஆம் நாள் தமிழுக்கு அதையே கேட்டுத் தீர்மானம் இயற்றியது. உச்சமுறைமன்றத்தின் கருத்தைக் கேட்ட நடுவணரசு, அம்மன்றம் இசையவில்லை என்று மறுத்தது. 2012-இல் அம்மறுப்பே மீண்டும் உறுதி செய்யப்பட்டது.

நோயாளியோடு தமிழில் பேசி, மருத்துவரின் ஆங்கிலத்தை அவனுக்குத் தமிழில் விளக்கி, நாள்தோறும் இரு மொழிக்கும் இடையே பாலமாய் நிற்பவள் செவிலி. அவளுக்கு அவள் வழக்கை விளக்குவார் ஒருவரும் இல்லை. கேட்டறிய இயலாத மொழியில் வழங்கும் தீர்ப்பு, தீர்ப்பாக அன்று, தண்டமாகவே அவள் செவியில் விழும். ஊதிய உரிமையும் மொழியுரிமையும் இருவேறு போராட்டங்கள் என்று எண்ணுவோர், ஒரு நாள் உயர்முறைமன்ற வாயிலில் நிற்கும் தொழிலாளரிடத்துக் கேட்டறிக.

செய்ய வேண்டுவன

முதலாவது, வேலைநிறுத்தத்தைத் தடுக்கும் எந்த ஆணையும் தனித்து வரலாகாது. தடுக்கும் ஆணையிலேயே இடைக்கால ஊதியம் குறிக்கப்பட வேண்டும். இறுதித் தீர்ப்புக்கு நாள் குறிக்கப்பட வேண்டும். அந்நாள் கடந்தும் தீர்ப்பு வாராதாயின் தடை தானே நீங்க வேண்டும். மூன்று நாளில் தடை எழுதத் தெரிந்த எழுதுகோல், மூன்று திங்களில் ஊதியம் எழுதவும் அறியும்.

இரண்டாவது, ஆற்றலுள்ள இடத்தில் மாநில அரசு தில்லியை எதிர்நோக்கி நிற்றலாகாது. மருத்துவமனை என்பது அரசியலமைப்பின்படி மாநிலப் பட்டியலில் உள்ளது. குறைந்த அளவு ஊதியத்தை அறிவிக்கும் அதிகாரமும் மாநிலத்திடம் உண்டு. கேரளம் 2018-இல் பயன்படுத்தியது அதையே. 2016-ஆம் ஆண்டுக் குழுவின் அளவுகோலைப் படுக்கை எண்ணிக்கைப்படி தமிழ்நாடு முழுதும் சட்ட வலிமையோடு நிறுத்துவதற்குத் தில்லியின் இசைவு எதற்கு? தமிழரசு என்று மேடைதோறும் முழங்குவோர், தமிழ்ச் செவிலிக்குத் தொகுப்பூதியம் தரும் முதலாளியாகவும் இருத்தல் இழுக்கு. தனியாரை நெறிப்படுத்துமுன் அரசு தன் கூடங்களில் ஒத்த வேலைக்கு ஒத்த ஊதியத்தை நிலைநாட்டுதல் வேண்டும்.

மூன்றாவது, அறக்கட்டளை என்னும் பெயரைக் காட்டிச் சட்டத்தினின்று நழுவும் வழி அடைக்கப்பட வேண்டும். கட்டணம் வாங்கி மருத்துவம் செய்யும் எந்த மனையும், தன் ஊழியரைப் பொறுத்தவரை தொழிலகமே. 1978-இல் சொன்ன உண்மை இன்றும் உண்மையே.

நான்காவது, செவிலியரின் கடமையும் ஒன்றுண்டு. உயிர்காக்கும் கூடங்களில் ஆளில்லாமற் செய்தலாகாது. போராட்டம் எத்துணைக் கடுமையாயினும், அறுவைக்கூடமும் மகப்பேற்றுக்கூடமும் தீவிர மருத்துவப் பிரிவும் காக்கப்பட வேண்டும். அதைத் தாமே ஏற்பாடு செய்துவிட்டு வெளியேறும் செவிலியரை, 'உயிரோடு விளையாடுகின்றனர்' என்று எந்த மேலாண்மையும் முறைமன்றத்தில் பழிக்க முடியாது. மேலும், சிறு சிறு குழுக்களாகச் சிதறி நிற்றலை விட்டு, அரசு, தனியார், ஒப்பந்தம் என்னும் வேறுபாடின்றி ஒரே கழகமாய்த் திரளல் வேண்டும். திரளாதார்க்குக் குழு கிடைக்கும். திரண்டார்க்கே ஊதியம் கிடைக்கும்.

ஐந்தாவது, தமிழ்நாட்டு மக்கள் தம் வழக்கைத் தம் மொழியில் கேட்கும் உரிமை. இது வழக்குரைஞரின் வேண்டுகை மட்டும் அன்று. தறியாளன், உழவன், செவிலி ஆகிய அனைவரின் வேண்டுகை.

நோயில் விழாத மாந்தன் இல்லை. இன்று நடுவராய் இருப்பவரும், அமைச்சராய் இருப்பவரும், மருத்துவமனை முதலாளியாய் இருப்பவரும் ஒரு நாள் படுக்கையில் கிடக்கத்தான் போகின்றனர். நள்ளிரவில் அவர்கள் முனகுங்கால் எழுந்து வருபவள் செவிலி. கண்ணயராது காக்கும் அவளை, கண்ணயராது காக்க வேண்டியது சட்டம். அவளைத் தாயென்று அழைத்துக் கொண்டே பசியோடு வைத்திருத்தல் தமிழர்க்கு அழகன்று. தாய்க்கு ஈயாதவன் தமிழுக்கும் ஈயான்.